கொறடா உத்தரவும் உறுப்பினரின் ஓட்டும்

1957 டிசம்பர் 16 அன்று மக்களவையில் பெரோஸ் காந்தி பேச எழுந்தார். அவர் ஆளும் காங்கிரஸ் கட்சிக்காரர். பிரதமர் நேருவின் மருமகன். ஆனால் அன்று அவர் குற்றம் சாட்டியது தன் கட்சியின் அரசையே. அதற்கு முந்தைய ஆண்டுதான் தொடங்கப்பட்டிருந்த ஆயுள் காப்பீட்டுக் கழகம், ஹரிதாஸ் முந்த்ரா என்ற தொழிலதிபரின் ஆறு நிறுவனங்களில் ஏறத்தாழ ஒன்றேகால் கோடி ரூபாய்க்குப் பங்குகளை வாங்கியிருந்தது. கழகத்தின் முதலீட்டுக் குழுவைக் கலக்காமலே அந்தப் பணம் போயிருந்தது. பாலிசிதாரர்களின் சேமிப்பை நலிந்துகொண்டிருந்த நிறுவனங்களில் கொட்டச் சொன்னது யார் என்று பெரோஸ் காந்தி ஆவணங்களோடு கேட்டார். அரசால் மழுப்ப முடியவில்லை. பம்பாய் உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி எம்.சி. சாக்ளா தலைமையில் ஒருநபர் ஆணையம் அமைந்தது. விசாரணை பொதுமக்கள் கண்ணெதிரே நடந்தது. 1958 பிப்ரவரியில் நிதியமைச்சர் டி.டி. கிருஷ்ணமாச்சாரி பதவி விலகினார். கேள்வி கேட்டவருக்கு என்ன ஆயிற்று? ஒன்றும் ஆகவில்லை. 1960-இல் இறக்கும்வரை பெரோஸ் காந்தி காங்கிரஸிலும் இருந்தார், மக்களவையிலும் இருந்தார்.

இந்திய நாடாளுமன்றம் அன்றிலிருந்து இன்றுவரை எப்படி மாறியிருக்கிறது என்று பேசும்போது, கூச்சலும் வெளிநடப்பும் இடைநீக்கமும்தான் முதலில் நம் வாயில் வருகின்றன. அவை கண்ணுக்குத் தெரிகிற மாற்றங்கள். அவற்றைவிட ஆழமான ஒரு மாற்றம் 1985-இல் நடந்தது. ஓர் உறுப்பினர் அவையில் அளிக்கும் ஓட்டு அன்றுவரை அவருடையதாக இருந்தது. அதன்பின் அது கட்சித் தலைமையின் கைக்குப் போனது. நாடாளுமன்றம் இன்று அரசைக் கேள்வி கேட்கும் அவையாக இல்லாமல், அரசு முடிவு செய்ததைப் பதிவு செய்யும் அவையாகச் சுருங்கியிருப்பதற்கு இது முக்கியக் காரணம் என்பது என் வாதம். ஒரே காரணம் என்று சொல்லவில்லை. அந்த வேறுபாட்டைப் பின்னால் பார்க்கலாம்.

முதலில் இந்த அமைப்பின் அடிப்படையைப் பார்த்துவிடலாம். அமெரிக்காவில் அதிபரை மக்கள் தனியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள், நாடாளுமன்றம் தனி. நம் முறையில் அமைச்சரவை மக்களவையின் பெரும்பான்மையிலிருந்தே பிறக்கிறது, அந்தப் பெரும்பான்மை இருக்கும்வரைதான் உயிரோடு இருக்கிறது. அப்படியானால் பெரும்பான்மை உள்ள அரசை அவையில் யார் தடுத்து நிறுத்த முடியும்? எதிர்க்கட்சி கேள்வி கேட்கலாம், அம்பலப்படுத்தலாம், ஆனால் எண்ணிக்கையில் தோற்றுவிடும். கணக்கை மாற்றக்கூடியவர்கள் ஆளும் வரிசையின் பின்னிருக்கைகளில், அமைச்சர் பதவி இல்லாமல், உட்கார்ந்திருப்பவர்கள்தான். அவர்கள் ஒப்புக்கொள்வார்களா என்ற சந்தேகம் அமைச்சருக்கு இருக்கும் வரைதான் அவர் விளக்கம் சொல்வார், திருத்தங்களை ஏற்பார், காத்திருப்பார்.

முதல் மக்களவையின் அனுபவம் இதைத் தெளிவாகக் காட்டுகிறது. 1952-இல் தேர்தல் நடந்த 489 இடங்களில் 364 காங்கிரஸிடம் இருந்தன. அதிகாரப்பூர்வமான எதிர்க்கட்சித் தலைவர் என்று ஒருவர் மக்களவைக்கு 1969-இல்தான் கிடைத்தார். அத்தனை பலவீனமான எதிர்வரிசை இருந்தும் அந்த அவை உயிர்ப்போடு இருந்தது என்றால், தடுப்பு ஆளும் கட்சிக்குள்ளிருந்தே வந்தது என்பதால்தான். சீனப் போரின்போது 1962-இல் பாதுகாப்பு அமைச்சர் கிருஷ்ண மேனனை விலக வைத்ததில் எதிர்க்கட்சிகளைவிடக் காங்கிரஸ் உறுப்பினர்களின் நெருக்கடிக்கே பெரும் பங்கு உண்டு. நேரு அவரைக் காப்பாற்ற விரும்பினார், முடியவில்லை. இந்தச் சுதந்திரம் எப்போதும் நல்ல பக்கம்தான் நின்றது என்று சொல்ல மாட்டேன். பெண்களுக்கு உரிமைகள் தரும் இந்துச் சட்டத் தொகுப்பு மசோதாவை இடைக்கால நாடாளுமன்றத்தில் முடக்கியவர்களில் காங்கிரஸ் உறுப்பினர்களும் இருந்தார்கள். அந்தக் கசப்பில்தான் அம்பேத்கர் 1951-இல் அமைச்சர் பதவியைத் துறந்தார். பெண்களின் உரிமை சில ஆண்டுகள் தள்ளிப்போனது ஓர் அநீதி. ஆனாலும் 1955-56-இல் அது நான்கு சட்டங்களாக நிறைவேறியபோது, வாதிட்டு, ஆள் சேர்த்து, எதிர்த்தவர்களை இணங்க வைத்து நிறைவேறியது. சட்டம் அப்படி வரும்போது அதற்கு ஒரு கனம் இருக்கிறது.

பிறகு 1967 வந்தது. அந்த ஆண்டுத் தேர்தலுக்குப் பின் வட மாநிலங்களில் கட்சித் தாவல் ஒரு தொற்றுநோயாகப் பரவியது. ஹரியானாவில் கயா லால் என்ற சட்டமன்ற உறுப்பினர் பதினைந்து நாட்களில் மூன்று முறை கட்சி மாறினார். உத்தரப் பிரதேசத்தில் சரண் சிங், மத்தியப் பிரதேசத்தில் கோவிந்த் நாராயண் சிங், ஹரியானாவில் ராவ் பீரேந்தர் சிங் ஆகியோர் காங்கிரஸை உடைத்துக்கொண்டு வெளியேறி முதலமைச்சர் ஆனார்கள். பதவிக்காகவும் பணத்துக்காகவும் ஆட்சிகள் கவிழ்ந்தன. மக்கள் வெறுத்துப்போனதில் நியாயம் இருந்தது. இரண்டு முறை முயன்றும் கைகூடாத தடைச் சட்டத்தை, மக்களவையில் நானூறுக்கும் மேற்பட்ட இடங்களோடு வந்த ராஜீவ் காந்தி அரசு 1985 தொடக்கத்தில் 52-ஆவது திருத்தமாக நிறைவேற்றியது. அரசியல் சாசனத்தில் பத்தாவது அட்டவணை சேர்ந்தது அப்போதுதான்.

அந்த அட்டவணையின் இரண்டாம் பத்தியில் இரண்டு வேறு வேறு குற்றங்கள் இருக்கின்றன. முதலாவது, கட்சி உறுப்பினர் பதவியைத் தானாகக் கைவிடுவது, அதாவது தாவுவது. இரண்டாவது, கட்சியின் கட்டளைக்கு மாறாக ஓட்டளிப்பது, அல்லது ஓட்டளிக்காமல் இருப்பது. முன்அனுமதி பெறாமல் அப்படிச் செய்து, பதினைந்து நாட்களுக்குள் கட்சி மன்னிக்காவிட்டால், உறுப்பினர் பதவி போய்விடும். எந்த ஓட்டு என்ற வரையறை அங்கே கிடையாது. ஆட்சியின் ஆயுளைத் தீர்மானிக்கும் நம்பிக்கை வாக்கெடுப்பும், வாடகைத் தாய் மசோதாவின் ஒரு திருத்தமும் அந்தச் சட்டத்தின் கண்ணில் ஒன்றுதான். கட்சியின் கட்டளையை உறுப்பினர்களுக்குத் தெரிவிக்கும் கொறடா, கண்டிப்பான உத்தரவு என்பதற்கு அடையாளமாகத் தாளில் மூன்று கோடு போட்டு அனுப்பிவிட்டால், உறுப்பினர் அவைக்கு வந்தே ஆக வேண்டும், சொன்ன பொத்தானை அழுத்தியே ஆக வேண்டும். கட்சி தாவுகிறவனைத் தண்டிக்கப் புறப்பட்ட சட்டம், கட்சியிலேயே இருந்துகொண்டு ஒரு மசோதாவில் மட்டும் மாறுபடுகிறவனையும் அதே தண்டனையில் சேர்த்துக் கட்டியது. அதன் மூலக் குறை இதுதான்.

இதன் விளைவு ஓட்டோடு நிற்கவில்லை. முடிவு முன்கூட்டியே தெரிந்த வாக்கெடுப்புக்கு முந்தைய விவாதம் யாரை இணங்க வைப்பதற்காக? மசோதாவில் ஓட்டை இருக்கிறது என்று ஆளும் கட்சி உறுப்பினர் ஒருவர் எவ்வளவு அருமையாகப் பேசினாலும், அரை மணி நேரத்தில் அவரே அதற்கு ஆதரவாகப் பொத்தானை அழுத்தப்போகிறார் என்று அமைச்சருக்குத் தெரியும். பெரும்பாலான நேரம் பொத்தானுக்குக்கூட வேலை இல்லை. குரல் வாக்கெடுப்பில் ‘ஆம்’ என்ற சத்தம் ஓங்கிக் கேட்டால் மசோதா நிறைவேறிவிடுகிறது, யார் எந்தப் பக்கம் என்ற பதிவே இருக்காது. முதல் மக்களவை தன் ஐந்தாண்டுகளில் 677 நாட்கள் கூடியது. 2019 முதல் 2024 வரை இருந்த 17-ஆவது மக்களவை 274 நாட்களே கூடியது. அது நிறைவேற்றிய மசோதாக்களில் பாதிக்கும் மேற்பட்டவை, அறிமுகமான இரண்டு வாரத்துக்குள் முடிந்துபோனவை. 2023 மார்ச்சில் சுமார் 45 லட்சம் கோடி ரூபாய்க்கான நிதிநிலை அறிக்கை மக்களவையில் விவாதமே இல்லாமல் நிறைவேறியது. 2018-இலும் இதே கதைதான்.

மூன்று வேளாண் சட்டங்களின் கதையை இந்தக் கோணத்திலிருந்து பார்க்கலாம். 2020 ஜூனில் அவசரச் சட்டங்களாக வந்தவை செப்டம்பரில் மசோதாக்களாக அவைக்கு வந்தன. எந்தக் குழுவுக்கும் அனுப்பப்படவில்லை. செப்டம்பர் 20 அன்று மாநிலங்களவையில் இரண்டு மசோதாக்கள் எடுக்கப்பட்டபோது ஓட்டுகளை எண்ண வேண்டும் என்று எதிர்க்கட்சிகள் கேட்டன. அமளிக்கு நடுவே குரல் வாக்கெடுப்பிலேயே அவை நிறைவேறியதாக அறிவிக்கப்பட்டது. அரசுத் தரப்பிலிருந்து வெளிப்படையாக எழுந்த ஒரே பெரிய எதிர்ப்பு, கூட்டணிக் கட்சியான அகாலி தளத்தின் அமைச்சர் ஹர்சிம்ரத் கவுர் பாதல் பதவி விலகியதுதான். கட்சியாக எதிர்க்க முடிந்தது. உறுப்பினராக எதிர்க்க வழியில்லை. பஞ்சாப், ஹரியானா, மேற்கு உத்தரப் பிரதேசத்தின் கோபம் அவைக்குள் நுழைய வாசல் இல்லாமல் டெல்லி எல்லைச் சாலைகளில் ஓராண்டு உட்கார்ந்தது. 2021 நவம்பர் 29 அன்று அந்தச் சட்டங்கள் திரும்பப் பெறப்பட்டன. அதுவும் இரு அவைகளிலும் ஒரே நாளில், விவாதம் இல்லாமல். சட்டம் வந்ததற்கும் நாடாளுமன்றம் காரணம் சொல்லவில்லை, போனதற்கும் சொல்லவில்லை.

இங்கே ஒரு வலுவான மறுப்பு இருக்கிறது. 2009-14 காலத்து 15-ஆவது மக்களவையில் 71 சதவீத மசோதாக்கள் குழுக்களின் ஆய்வுக்குப் போயின; 17-ஆவதில் அது 16 சதவீதமாகச் சரிந்தது. இரண்டு காலத்திலும் கட்சித் தாவல் தடைச் சட்டம் இருந்ததே, பிறகு சரிவுக்கு அதை எப்படிக் காரணம் சொல்வது என்று கேட்கலாம். கேள்வி சரியானது. இடையில் மாறியது அவையின் கணக்கு. கூட்டணி ஆட்சியில் ஒவ்வொரு கட்சிக்கும் தனிக் கொறடா உண்டு. கூட்டாளிக் கட்சிகளின் தலைவர்களோடு பேசாமல் அரசு ஓட்டைப் பெற முடியாது. ஆகவே உறுப்பினர்கள் கட்டுண்டு கிடந்தாலும், கட்சிகளுக்கு இடையே பேரம் இருந்தது. அந்தப் பேரம் அவைக்கு வேலை கொடுத்தது. 2014-இல் ஒரே கட்சிக்குப் பெரும்பான்மை வந்ததும் அந்தத் தடுப்பு விலகியது. நேருவின் காலத்திலும் ஒரு கட்சிப் பெரும்பான்மைதான். ஆனால் அன்று அந்தக் கட்சியின் உறுப்பினர்கள் கையில் ஓட்டு இருந்தது. ஒற்றைக் கட்சிப் பெரும்பான்மையும் கட்டுண்ட உறுப்பினர்களும் ஒன்றாகச் சேரும்போதுதான் அவை முழுதாகச் செயலிழக்கிறது. 2024-க்குப் பின் மீண்டும் கூட்டணிக் கணக்கு வந்திருக்கிறது என்பது ஆறுதல். ஆனால் ஒரு சபையின் தரம் தேர்தல் முடிவின் தற்செயலை நம்பி இருக்கக் கூடாது.

கொறடா இல்லாத இடத்தில் இதே உறுப்பினர்கள் எப்படி நடந்துகொள்கிறார்கள் என்பதற்கு நாடாளுமன்றத்துக்குள்ளேயே சான்று உண்டு. துறைசார் நிலைக்குழுக்கள் 1993-இல் தொடங்கின. இப்போது 24 இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் மக்களவையிலிருந்து 21 பேர், மாநிலங்களவையிலிருந்து 10 பேர். கதவு சாத்திய அறை, கேமரா கிடையாது, கொறடா உத்தரவு கிடையாது. தனி மசோதாக்களுக்கென அமைக்கப்படும் தேர்வுக் குழுக்களும் இப்படித்தான் இயங்குகின்றன. வாடகைத் தாய் முறையை ஒழுங்குபடுத்தும் மசோதாவை 2019 ஆகஸ்டில் மக்களவை நிறைவேற்றியபோது, நெருங்கிய உறவுப் பெண் மட்டுமே வாடகைத் தாயாகலாம் என்றும், திருமணமாகி ஐந்தாண்டு குழந்தை இல்லாத தம்பதிக்கே அனுமதி என்றும் அதில் இருந்தது. மாநிலங்களவை அதைத் தேர்வுக் குழுவுக்கு அனுப்பியது. ஆளும் கட்சியின் பூபேந்தர் யாதவ் தலைமையிலான அந்தக் குழு மருத்துவர்களையும் பாதிக்கப்பட்டவர்களையும் கேட்டுவிட்டு, உறவினராக இருக்க வேண்டிய கட்டாயம் வேண்டாம், ஐந்தாண்டுக் காத்திருப்பு வேண்டாம், கணவரை இழந்த, மணமுறிவு பெற்ற பெண்களையும் சேர்க்க வேண்டும் என்று சொன்னது. 2021 டிசம்பரில் வந்த இறுதிச் சட்டத்தில் இவை இடம்பெற்றன. ஆளும் கட்சியினர் நிறைந்த குழு தன் அரசின் மசோதாவையே திருத்தியது. யாருக்கும் பதவி போகவில்லை, ஆட்சியும் கவிழவில்லை. எல்லாக் குழுக்களும் இப்படி என்று சொல்ல முடியாது. வக்ஃபு திருத்த மசோதாவை ஆராய்ந்த கூட்டுக் குழு 2025 ஜனவரியில் கட்சி வாரியாகப் பிரிந்தே ஓட்டளித்தது. மூடிய அறை வாய்ப்பைத்தான் தருகிறது, உத்தரவாதத்தை அல்ல.

சட்டத்தை ஆதரிப்பவர்கள் முதலில் சொல்வது ஆட்சியின் நிலைத்தன்மை. கொறடாவைத் தளர்த்தினால் குதிரை பேரம் திரும்பிவிடும் என்கிறார்கள். குதிரை பேரம் எப்போது போயிற்று, திரும்புவதற்கு? 2019-இல் கர்நாடகத்தில் உறுப்பினர்கள் ராஜினாமா செய்து ஆட்சியைக் கவிழ்த்தார்கள். இடைத்தேர்தலில் பலர் புதிய கட்சியின் சின்னத்தில் வென்று திரும்பினார்கள். 2020-இல் மத்தியப் பிரதேசத்தில் 22 பேர் அதே வழியில் போனார்கள். கோவாவில் 2019-இல் காங்கிரஸின் 15 பேரில் 10 பேர் மொத்தமாக பா.ஜ.க.வோடு இணைந்தார்கள், மூன்றில் இரண்டு பங்கினர் சேர்ந்தால் அது தாவல் அல்ல, இணைப்பு என்று சட்டமே சொல்கிறது. தமிழ்நாட்டில் 2017-இல் நடந்தது இன்னும் நெருக்கமாகப் பார்க்க வேண்டியது. அந்த பிப்ரவரியில் முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமி கோரிய நம்பிக்கை வாக்கெடுப்பில் அவருடைய கட்சியிலேயே ஓ. பன்னீர்செல்வம் அணியின் 11 பேர் எதிர்த்து ஓட்டளித்தார்கள். செப்டம்பரில் அதே கட்சியின் வேறு 18 பேர், முதலமைச்சர் மீது நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்திருந்ததற்காக சபாநாயகர் தனபாலால் தகுதிநீக்கம் செய்யப்பட்டார்கள். அரசுக்கு எதிராக ஓட்டே போட்டவர்கள், இடையில் அணிகள் இணைந்துவிட்டதால், பதவியில் நீடித்தார்கள். கடிதம் மட்டும் கொடுத்தவர்கள் பதவி இழந்தார்கள். 18 தொகுதிகள் ஒன்றரை ஆண்டுக்கும் மேல் உறுப்பினர் இல்லாமல் கிடந்தன. சபாநாயகர் ஆளும் கட்சிக்காரர். எந்த மனுவை எப்போது எடுப்பது என்பது அவர் கையில் இருக்கிறது. தாவலைத் தடுக்காமல், தாவலில் யார் தப்பலாம் என்று தேர்ந்தெடுக்கும் கருவியாக இந்தச் சட்டம் மாறிவிட்டது.

இரண்டாவது மறுப்பு இதைவிடக் கனமானது. மக்கள் சின்னத்தைப் பார்த்துத்தான் ஓட்டுப் போடுகிறார்கள். சின்னத்தில் வென்றவர் கட்சிக்கு மாறாக நடப்பது வாக்காளருக்குச் செய்யும் துரோகம் என்பது அது. தாவலைப் பொறுத்தவரை இதை முழுதாக ஏற்கிறேன். ஆனால் சின்னத்துக்கு விழுந்த ஓட்டு, ஐந்தாண்டுகளில் வரப்போகிற ஒவ்வொரு மசோதாவுக்கும் முன்கூட்டியே போட்ட கையெழுத்து ஆகாது. வேளாண் சட்டங்கள் எந்த வாக்காளரிடமும் அந்த வடிவில் வைக்கப்பட்டதில்லை. பிரிட்டனிலும் மக்கள் கட்சி பார்த்தே ஓட்டளிக்கிறார்கள். அங்கேயும் கொறடா உண்டு. கட்டளையை மீறினால் கட்சியிலிருந்து நீக்கலாம், ஆனால் இடத்தைப் பறிக்க முடியாது. 2019 ஜனவரி 15 அன்று பிரதமர் தெரசா மேயின் பிரெக்ஸிட் ஒப்பந்தத்தை அந்த நாட்டு மக்களவை 432-க்கு 202 என்று நிராகரித்தது. அவருடைய சொந்தக் கட்சியினர் 118 பேர் எதிர்த்து ஓட்டளித்தார்கள். மறுநாளே வந்த நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் 325-க்கு 306 என்று அவர் அரசு பிழைத்தது. முந்தைய நாள் எதிர்த்த அதே கட்சிக்காரர்கள் இப்போது அவரோடு நின்றார்கள். ஆட்சி வேறு, மசோதா வேறு என்று பிரித்துப் பார்ப்பது நடைமுறையில் முடியும் என்பதற்கு இந்த இரண்டு நாட்களே போதும். நம் நாட்டில் 2019 ஆகஸ்ட் 5 அன்று, 370-ஆவது பிரிவு குறித்த வாக்கெடுப்பில் தன் கட்சியின் நிலைப்பாட்டை ஏற்க முடியாத மாநிலங்களவைக் காங்கிரஸ் தலைமைக் கொறடா புவனேஸ்வர் கலிதா, எம்.பி. பதவியையே ராஜினாமா செய்தார். பின்னர் அவர் பா.ஜ.க.வில் சேர்ந்தார் என்பதைச் சொல்லி அவரை விமர்சிக்கலாம். ஆனால் மாறுபடுகிற ஒருவருக்கு வெளியே போவதைத் தவிர வழி இல்லாத சபையில், மாறுபட்டவர் எதிர்முகாமில் போய்ச் சேர்வதில் வியப்பில்லை.

மூன்றாவது, பண பயம். உறுப்பினருக்குச் சுதந்திரம் கொடுத்தால் பெருநிறுவனங்கள் மசோதாவுக்கு மசோதா அவரை விலைபேசும் என்ற அச்சம் வெறும் கற்பனை அல்ல. 1993 ஜூலையில் நரசிம்ம ராவ் அரசு நம்பிக்கையில்லாத் தீர்மானத்தை 265-க்கு 251 என்று வென்றபோது, ஜார்க்கண்ட் முக்தி மோர்ச்சா உறுப்பினர்களின் ஓட்டு லஞ்சத்துக்கு வாங்கப்பட்டதாக வழக்கு வந்தது. கவனியுங்கள், அப்போது கட்சித் தாவல் தடைச் சட்டம் அமலில்தான் இருந்தது. அவைக்குள் போட்ட ஓட்டுக்கு நீதிமன்றத்தில் பதில் சொல்ல வேண்டியதில்லை என்ற பாதுகாப்பைக் காட்டி 1998-இல் உச்ச நீதிமன்றம் லஞ்சம் வாங்கி ஓட்டளித்தவர்களை விட்டுவிட்டது. 2024 மார்ச் 4 அன்று ஏழு நீதிபதிகள் அமர்வு அந்தத் தீர்ப்பை ஒருமனதாகத் திருத்தி, லஞ்சத்துக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது என்று சொல்லிவிட்டது. ஓட்டுக்குக் காசு வாங்குகிறவனைப் பிடிக்க ஊழல் தடுப்புச் சட்டம் இருக்கிறது. அதற்காக எல்லாருடைய ஓட்டையும் பறிக்கத் தேவையில்லை.

செய்ய வேண்டியது என்ன என்பதும் புதிதல்ல. தேர்தல் சீர்திருத்தம் பற்றி ஆராய்ந்த தினேஷ் கோஸ்வாமி குழு 1990-லேயே சொன்னது: கொறடாவை மீறியதற்கான தகுதிநீக்கத்தை நம்பிக்கை, நம்பிக்கையில்லாத் தீர்மானங்கள், பண மசோதா, குடியரசுத் தலைவர் உரைக்கு நன்றி தெரிவிக்கும் தீர்மானம் ஆகியவற்றோடு நிறுத்திக்கொள்ளுங்கள். 1992-இல் கிஹோட்டோ ஹொல்லோஹான் வழக்கில் சட்டத்தை ஏற்ற உச்ச நீதிமன்றமும், ஆட்சியின் ஆயுளையோ கட்சி தேர்தலில் முன்வைத்த முக்கியக் கொள்கையையோ தொடும் வாக்கெடுப்புகளுக்கே இந்தத் தண்டனை பொருந்த வேண்டும் என்று விளக்கம் தந்தது. கட்சிகள் அதைக் கண்டுகொள்ளவே இல்லை. காங்கிரஸின் மணீஷ் திவாரி 2010 முதல் பலமுறை இதே நோக்கத்துடன் தனிநபர் மசோதா கொண்டுவந்திருக்கிறார். வெள்ளிக்கிழமை பிற்பகலில் எடுக்கப்படும் தனிநபர் மசோதா ஒன்று இரு அவைகளிலும் நிறைவேறிச் சட்டமானது 1970-இல்தான் கடைசி. திருச்சி சிவா கொண்டுவந்த திருநர் உரிமை மசோதா 2015-இல் மாநிலங்களவையைத் தாண்டியும் மக்களவையில் நிறைவேறவில்லை.

பத்தாவது அட்டவணையைத் திருத்த மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு வேண்டும். அதைத் தர வேண்டியவர்கள், திருத்தினால் அதிகாரம் குறையப்போகிற அதே கட்சித் தலைவர்கள். ஆகவே அதற்காகக் காத்திருக்காமல் தொடங்கக்கூடிய இரண்டு காரியங்கள் உண்டு. இரண்டுக்கும் அரசியல் சாசனத் திருத்தம் தேவையில்லை. ஒன்று, ஆட்சியின் ஆயுளைத் தொடாத மசோதாக்களுக்குக் கொறடா உத்தரவு அனுப்புவதில்லை என்று எந்தக் கட்சியும் நாளைக்கே முடிவு செய்யலாம். உத்தரவு இல்லையென்றால் மீறலும் இல்லை. எதிர்க்கட்சிகள் இதை முதலில் செய்து காட்டினால் ஆளும் கட்சியிடம் கேட்கும் தகுதி அவர்களுக்கு வரும். மற்றொன்று, ஒவ்வொரு மசோதாவின் இறுதி வாக்கெடுப்பும் பெயர் பெயராகப் பதிவாக வேண்டும் என்று அவை விதியை மாற்றுவது. பொத்தான் ஏற்கனவே ஒவ்வோர் உறுப்பினரின் மேசையிலும் இருக்கிறது. நம் தொகுதி உறுப்பினர் எந்த மசோதாவில் எப்படி ஓட்டளித்தார் என்று அடுத்த தேர்தலில் நாம் கேட்பதற்கு, முதலில் அந்த ஓட்டு எங்காவது எழுதப்பட்டிருக்க வேண்டும்.